உன் இஷ்டம்

எங்கள் பக்கத்தில் ஒருவரைப் புதிதாகப் பார்த்தால் பெயர் கேட்பதற்கு முன்னால் கேட்கிற கேள்வி, "எந்த கம்பெனி?" என்பதுதான். ஸ்ரீபெரும்புதூரிலிருந்து ஒரகடம் வரை எந்த டீக்கடையிலும் இதைக் கேட்கலாம். வாடகைக்கு வீடு தேடிப் போனாலும் இதுதான், பெண் பார்க்கப் போனாலும் இதுதான். நான் கார் சீட் செய்கிற கம்பெனியில் லைன் லீடர். கழுத்தில் தொங்குகிற அட்டையைத் திருப்பிக் காட்டினால் போதும், என்னைப் பற்றி எல்லாம் சொல்லியாகிவிட்டது. என் மனைவி விஷயத்தில்தான் இந்தக் கேள்வி என்னைப் பாடாய்ப் படுத்தியது.

அவள் சாக்ஸபோன் வாசிப்பவள். அதிலும் ஜாஸ். இப்போது பாங்காக்கில் ஒரு பெரிய ஓட்டலில் தன் பெயரில் ஒரு குழு வைத்து வாசிக்கிறாள். கல்யாணத்துக்கு முன்னால் அவளைப் பற்றி என் அம்மாவிடம் முதலில் சொன்னபோது பயத்தில் பாதியை விழுங்கிவிட்டேன். "சாக்ஸ் வாசிக்குதும்மா" என்றேன். டிவி அலறிக்கொண்டிருந்தது. அம்மாவுக்கு முதல் சொல் மட்டும்தான் விழுந்தது.

"சாக்ஸா? ஷூவுக்குள்ள மாட்டுவாங்களே, அதுவா? இன்னா கம்பெனிடா அது, எங்க கீது?"

திருத்தியிருக்கலாம். ஆனால் அம்மாவின் முகத்தில் ஒரு திருப்தி வந்துவிட்டது. சாக்ஸ் கம்பெனி என்றால் ஏசி இருக்கும், உட்கார்ந்து செய்கிற வேலையாக இருக்கும், கையில் கிரீஸ் படாது என்று அவளே முடிவு கட்டிக்கொண்டாள். பெண் பென்னலூரில் கிறிஸ்தவக் குடும்பம் என்கிற பெரிய குண்டை நான் அடுத்ததாகப் போட வேண்டியிருந்தது. அதனால் இந்தச் சின்ன விஷயத்தை அப்படியே விட்டுவிட்டேன். வல்லக்கோட்டையில் எங்கள் தெரு முழுக்க, எனக்கு சாக்ஸ் கம்பெனியில் வேலை பார்க்கிற பெண் அமைந்திருப்பதாகப் பேச்சு பரவியது. விசாரித்த ஒருவர் தன் பையனுக்கும் அங்கே ஏதாவது வேலை கிடைக்குமா என்று கேட்டார்.

குட்டு உடைந்தது கல்யாண வரவேற்பில். அவளோடு மெல்லிசைக் குழுவில் வாசித்த நண்பர்கள் மேடையில் இருந்தார்கள். பாதி கச்சேரியில் ஒருவர் சாக்ஸைத் தூக்கிக் காட்டி இவளைக் கூப்பிட, இவள் மாலையைக் கழற்றி என் கையில் கொடுத்துவிட்டு பட்டுப்புடவையோடு போய் அதை மாட்டிக்கொண்டாள். மண்டபமே திரும்பிப் பார்த்தது. அம்மா என் சட்டையைப் பிடித்து இழுத்தாள்.

"ஏன்டா, கல்யாணப் பொண்ணே நாயனம் வாசிக்குது?"

"இதான்மா சாக்ஸ்" என்றேன். அம்மா என்னைப் பார்த்த பார்வை இன்னும் ஞாபகம் இருக்கிறது. ஆனால் வாசிப்பு முடிந்ததும் முதலில் கைதட்டியது அவள்தான். மருமகளை விட்டுக்கொடுக்கிற ஆள் கிடையாது அவள்.

நாங்கள் சந்தித்தது எங்கள் கம்பெனியின் ஆயுத பூஜையில். அன்றைக்கு மெஷினுக்கெல்லாம் சந்தனம் குங்குமம் வைத்து, மாலை போட்டு, எங்கள் குடும்பங்களை உள்ளே விடுவார்கள். கச்சேரியும் உண்டு. அந்த வருடம் மேடைப் பொறுப்பு என் தலையில் விழுந்தது. வந்த குழுவில் இவள் ஒருத்திதான் பெண். வாத்தியத்தைச் சரி பார்க்க ஒரு அறை வேண்டும் என்றாள். டிரெயினிங் ரூமைத் திறந்து விட்டேன். அவள் ஊத ஆரம்பித்ததும் செக்யூரிட்டி ஓடி வந்தார். நான் போய், கொஞ்சம் சத்தத்தைக் குறைத்து வாசிக்கச் சொன்னேன். "கம்மி பண்ண இதுல பட்டன் இல்ல சார்" என்றாள். முகத்தில் சிரிப்பே இல்லை. எனக்குக் கோபம் வந்தது. அன்று சாயங்காலத்துக்குள் அது வேறு ஏதோவாக மாறிவிட்டது.

அவள் தொழிலுக்கு வந்த கதையை அவள் வாயால் கேட்டால் இரண்டே வரிதான். சர்ச் பேண்டில் கிளாரினெட் ஊதினாள். சாக்ஸபோன் ஊதுகிறவர் வேலை கிடைத்து ஓசூருக்குப் போய்விட, அந்த வாத்தியம் சும்மா கிடந்தது, எடுத்து மாட்டிக்கொண்டாள். அப்புறம் வாலாஜாபாத், காஞ்சிபுரம் கல்யாண மண்டபங்கள். சினிமாப் பாட்டுக்கு நடுவே சாக்ஸ் வருகிற இடத்துக்காக மணிக்கணக்கில் காத்திருந்து, கொஞ்ச நேரம் வாசித்துவிட்டு வருவாள். ஜாஸ் வந்தது ஒரகடத்தில். ஜப்பான்காரர்களும் கொரியாக்காரர்களும் தங்குவதற்காகக் கட்டிய ஓட்டல் ஒன்றில் சாயங்காலம் வாசிக்க ஆள் தேடினார்கள். நாளெல்லாம் பிளான்ட்டில் நின்று களைத்து வருகிற அந்த இன்ஜினியர்கள் சாப்பிட்டுக்கொண்டே ஏதேதோ பழைய பாட்டின் பெயரைச் சொல்லிக் கேட்பார்களாம். இவளுக்கு ஒன்றும் தெரியாது. பெயரை மட்டும் கேட்டு வைத்துக்கொண்டு, வீட்டுக்கு வந்து போனில் தேடி, விடிய விடியக் கேட்டு, மறுநாள் வாசித்துக் காட்டுவாள். வெளிநாட்டுக்காரர்கள் வேலைக்கு இங்கே வந்ததால்தான் இவள் வேலைக்கு வெளிநாடு போனாள். அந்த ஓட்டலின் மேனேஜர் பாங்காக்குக்கு மாற்றலானபோது இவளையும் கூப்பிட்டார்.

அதற்கு முன் சில வருடங்கள் நாங்கள் ஒரே வீட்டில் இருந்தோம். சண்டைக்கும் சிரிப்புக்கும் பஞ்சமில்லை. சாக்ஸபோனின் வாயில் வைக்கிற ரீட் என்ற சின்ன நாணல் பட்டையை வாசிப்பதற்கு முன் வாயில் போட்டு ஊற வைக்க வேண்டும். பார்ப்பதற்கு ஐஸ்கிரீம் குச்சி போல இருக்கும். எழுந்ததும் அதை வாயில் வைத்துக்கொண்டு வீடு முழுக்க நடப்பாள். அம்மா சில நாள் பொறுத்துப் பார்த்தாள்.

"ஏன்டா, உன் பொண்டாட்டி பொழுதன்னைக்கும் நாக்கு வழிச்சிக்கினே கீது. வயித்துல இன்னா கோளாறு, டாக்டராண்ட காட்டேன்" என்றாள். அது மட்டுமில்லை, டப்பாவில் அடுக்கி வைத்திருந்த புது ரீட் ஒன்றை எடுத்துத் தானும் நாக்கு வழித்துப் பார்த்துவிட்டு, "கூரே இல்ல, இதுக்குப் போய் காசு குடுத்து வாங்குது" என்று தீர்ப்பும் சொன்னாள். என் மனைவி அன்றைக்கு சமையலறையில் உட்கார்ந்து சிரித்த சிரிப்பில் பால் பொங்கி வழிந்தது.

எனக்கும் அவளுக்கும் தகராறு ஒரு சொல்லில். அவள் ஒரே பாட்டைத் தினமும் வேறு வேறு மாதிரி வாசிப்பாள். ஒருநாள் பொறுக்க முடியாமல் கேட்டேன்.

"நேத்து இப்படி வாசிக்கலியே?"

"நேத்து நேத்து. இன்னிக்கு இன்னிக்கு."

"இந்த மாதிரி பாட்டுக்கு இன்னா பேரு?"

"ஸ்டாண்டர்டு" என்றாள்.

எனக்குச் சிரிப்பு தாங்கவில்லை. எங்கள் கம்பெனியில் ஸ்டாண்டர்டு என்றால் ஒவ்வொரு இடத்திலும் படத்தோடு ஒட்டியிருக்கிற தாள். எந்த போல்ட்டை எந்தக் கையில் எடுப்பது, எங்கே நிற்பது, எல்லாம் அதில் இருக்கும். நேற்று போலவே இன்றும், இன்று போலவே நாளையும் செய்தால்தான் அது ஸ்டாண்டர்டு. என் ஆள் ஒருவன் கையை மாற்றி எடுத்தாலும் நான் போய்ப் பக்கத்தில் நிற்பேன். ஜாஸ்காரர்கள் ஊரிலோ, எல்லாருக்கும் தெரிந்த பழைய பாட்டுக்குத்தான் அந்தப் பெயர். அதை யாரும் முன்னால் வாசித்த மாதிரி வாசித்துவிடக் கூடாது.

"உங்க ஆளுங்க எங்க லைன்ல ஒரு ஷிப்ட் தாங்க மாட்டாங்க" என்றேன்.

"உங்க ஆளுங்க எங்க மேடையில ஒரு பாட்டு தாங்க மாட்டாங்க" என்றாள். அப்புறம் பொறுமையாகச் சொன்னாள், "பாட்ட எல்லாரும் ஒண்ணா ஆரம்பிப்போம். அப்புறம் ஒவ்வொருத்தரா அவங்க மனசுல கீறத வாசிப்பாங்க. மத்தவங்க கூட நின்னு தாங்கிக்குவாங்க. கடைசில எல்லாரும் பாட்டுக்குத் திரும்பி வந்துருவோம். அவ்ளோதான்யா ஜாஸ்." அம்மா எதிரில் 'என்னங்க' என்றும் தனியாக இருந்தால் 'யா' என்றும் கூப்பிடுவாள். எனக்கு 'யா'தான் பிடிக்கும்.

பாங்காக் என்றதும் அம்மா தடை சொல்வாள் என்று எதிர்பார்த்தேன். அவள் என்னையே மடக்கினாள். "ஆம்பளைங்க துபாய்க்குப் போறாங்க, சவுதிக்குப் போறாங்க. இது போனா மட்டும் இன்னா? போய்ட்டு வரட்டும்." ஒரு வருடம் என்றுதான் போனாள். அது நீண்டுகொண்டே போனது. விடுமுறைக்கு வருவாள், வீடு ஜே ஜே என்று இருக்கும், பெட்டியைக் கட்டுவாள். ஒவ்வொரு முறையும் மீனம்பாக்கத்தில் விட்டுவிட்டு வண்டலூர் வழியாகத் திரும்பி வரும்போது, பக்கத்து சீட் காலியாக இருப்பதைப் பார்க்காமல் ஓட்டப் பழகிக்கொண்டேன்.

போனில்தான் குடித்தனம். எங்கள் நேரத்தைவிட அவள் ஊர் நேரம் ஒன்றரை மணி முன்னால். நான் செகண்ட் ஷிப்டில் இருக்கிற வாரம், சாயங்கால டீ பிரேக்கில் லைனுக்குப் பக்கத்தில் இருக்கிற ரெஸ்ட் ஏரியாவிலிருந்து கூப்பிடுவேன். அவள் அப்போது மேடை ஏறத் தயாராகிக்கொண்டிருப்பாள். வாயில் ரீட் இருக்கும். அதனால் நான்தான் பேசுவேன், அவள் 'ம்' கொட்டுவாள். மத்தியானம் என்ன குழம்பு, எவன் லீவு, அம்மா யாரோடு சண்டை, எல்லாவற்றுக்கும் விதவிதமாக ஒரு 'ம்' வைத்திருந்தாள்.

பேச்சு முடிகிற இடம்தான் எப்போதும் ஒன்று. எங்கள் லைனில் ஒவ்வொருவர் தலைக்கு மேலும் ஒரு கயிறு போகும். வேலையில் ஏதாவது சிக்கல் என்றால் அதை இழுக்க வேண்டும். இழுத்தால் விளக்கு எரியும், அந்த லைனுக்கென்று வைத்திருக்கிற மெட்டு ஸ்பீக்கரில் ஒலிக்கும். ஒவ்வொரு லைனுக்கும் ஒரு மெட்டு; எந்த லைனில் பிரச்சினை என்று காதாலேயே தெரிய வேண்டும் என்பதற்காக. ஜப்பான்காரர்கள் இதற்கு வைத்த பெயர் ஆண்டான். எங்கள் பசங்களுக்கு அந்தப் பெயரே போதுமானதாக இருந்தது. "ஆண்டான் கூப்டான், அடிமை ஓடறாரு" என்று என்னைக் காட்டிச் சிரிப்பார்கள். உண்மைதான், என் லைன் மெட்டு கேட்டால் நான் ஓட வேண்டும். நேரம் கடந்தால் லைனே நின்றுவிடும். வாயில் வடை இருந்தாலும், காதில் மனைவி இருந்தாலும், "அப்புறம் கூப்பிடறேன்" என்று சொல்லிவிட்டு ஓடுவேன். பொம்மைக்குச் சாவி கொடுத்தால் வருமே, அந்த மாதிரி ஒரு சின்ன மெட்டு அது. என் கனவில்கூட வரும்.

இப்படி ஓடிக்கொண்டிருந்தபோதுதான் அந்தச் செய்தி வந்தது. அதே ஓட்டலில் அவளையே தலைவியாக வைத்து ஒரு குழு அமைக்கக் கேட்டிருக்கிறார்கள். அவள் பெயரைப் போட்டு, அவள் எழுதிய பாட்டுகளோடு. இன்னும் இரண்டு வருடம். மாதக் கடைசிக்குள் பதில் சொல்ல வேண்டும். அன்றைக்கு வாயில் ரீட் இல்லாமல் பேசினாள். அதிலிருந்தே இது பெரிய விஷயம் என்று எனக்குத் தெரிந்தது.

"நீ இன்னா சொல்ற?" என்று கேட்டாள்.

எனக்குள் எத்தனையோ ஓடின. பெருமையாக இருந்தது. வயிறு எரிந்தது. மறுபடி இரண்டு வருடமா என்று மலைப்பாக இருந்தது. அவளைத் தடுத்தால் நான் மனுஷனே இல்லை என்றும் தோன்றியது. இதையெல்லாம் மூட்டை கட்டி ஓரமாக வைத்துவிட்டு, பெரிய மனுஷனாக ஒரே பதில் சொன்னேன்.

"உன் இஷ்டம்."

அவள் "சரி" என்றாள். போனை வைத்துவிட்டாள்.

நான் விட்டுக்கொடுத்ததில் எனக்கே என்னைப் பிடித்திருந்தது. அம்மாவிடம் போய்ச் சொன்னேன். அம்மாவுக்குப் பொத்துக்கொண்டு வந்தது. "ரெண்டு வருஷமா? போதும்டா. ஒரு வூட்ல ரெண்டு பேரும் எப்பதான் இருக்கப் போறீங்க? கம்பெனி ஷட்டவுன் வருதில்ல, நீயே போ. கையோட கூட்டிக்கினு வா." அவள் சொன்னதைத்தான் நானும் உள்ளுக்குள் நினைத்துக்கொண்டிருந்தேன். ஆனால் அம்மா சொல்லிப் போவதாக இருந்தால் எனக்கு வசதி. மெஷின் பராமரிப்புக்காக பிளான்ட்டை மூடுகிற வாரத்தில் டிக்கெட் போட்டேன். அம்மா மிளகாய்த் தூள், கருவடாம், ஊறுகாய் எல்லாம் கட்டிக்கொடுத்தாள். திரும்பி வரப்போகிற பெண்ணுக்கு எதற்கு மிளகாய்த் தூள் என்று நான் கேட்கவில்லை.

அதுதான் எனக்கு முதல் வெளிநாட்டுப் பயணம். அவள் வாசிக்கிற இடத்தை அதுவரை போனில்தான் பார்த்திருந்தேன். நேரில் அது சின்ன ஹால். மங்கலான வெளிச்சம், வட்ட மேஜைகள், கண்ணாடிச் சுவருக்கு வெளியே ஆறு. என்னை மூலையில் ஒரு மேஜையில் உட்கார வைத்துவிட்டு மேடைக்குப் போனாள். பியானோ வாசிக்கிறவர் தாய்லாந்துக்காரர், டிரம்ஸ் பிலிப்பைன்ஸ்காரர், பெரிய பாஸ் வாத்தியம் ஒன்றை அணைத்துக்கொண்டு நின்றவர் எந்த ஊர் என்று கடைசி வரை எனக்குப் பிடிபடவில்லை. புதுக் குழுவுக்கு வெள்ளோட்டமாக அந்த வாரம் இவளைத்தான் நடத்தச் சொல்லியிருந்தார்களாம். எல்லாரும் இவள் கண்ணைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். இவள் தலையசைத்தால் ஆரம்பிக்கிறார்கள், புருவத்தைத் தூக்கினால் நிறுத்துகிறார்கள். நான் என் லைனில் கத்திக் கத்திச் செய்கிற வேலையை இவள் சத்தமில்லாமல் செய்துகொண்டிருந்தாள். எனக்குக் கண் கலங்கிவிட்டது. இவளைப் போய் கையோடு எப்படிக் கூட்டிப் போவது?

நாலைந்து பாட்டு போனது. சர்வர் வைத்துவிட்டுப் போன தட்டில் ஏதோ வறுத்தது இருந்தது, அதைக் கொறித்துக்கொண்டிருந்தேன். அடுத்த பாட்டு மெதுவாக ஆரம்பித்தது. பியானோ மட்டும் முதலில். அப்புறம் இவள் வாயை வைத்தாள்.

நான் எழுந்துவிட்டேன்.

எழுந்தேன் என்பதுகூட எனக்குத் தெரியாது. கால் தானாக எழுந்தது. நாற்காலி பின்னால் சாய்ந்து விழுந்தது. மேஜைகளுக்கு நடுவே வேகமாக நடந்து நேரே மேடையின் கீழ் போய் நின்றேன். கை கழுத்தில் இல்லாத அட்டையைத் தேடியது. எங்கே சிக்கல், எந்த இடத்தில் என்று கண் மேலே விளக்கைத் தேடியது. அப்போதுதான் உறைத்தது. என் லைன் மெட்டு. அதே சுரங்கள்தான், இழுத்து, நிதானமாக, தூக்கத்தில் பேசுகிறவள் போல வாசித்துக்கொண்டிருந்தாள்.

மேடையிலிருந்து அவள் என்னைப் பார்த்தாள். சிரிப்பு வந்து சாக்ஸில் ஒரு கீச்சுச் சத்தம் விழுந்தது. டிரம்ஸ்காரர் அதைத் தாளத்தில் வாங்கிச் சமாளித்தார். முன் மேஜையில் ஒரு அம்மாள் நான் ஆடப் போகிறேன் என்று நினைத்துக் கைதட்டினார். நான் அசடு வழிந்துகொண்டு திரும்பிப் போய் நாற்காலியை நிமிர்த்தி உட்கார்ந்தேன். உட்கார்ந்த பிறகுதான் பாட்டைக் கேட்டேன். அழகாக இருந்தது.

இடைவேளையில் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். "எங்க கம்பெனி மெட்ட எப்ப சுட்டே?" என்று கேட்டேன். எனக்காகச் செய்திருக்கிறாள், என்னை நினைத்துக்கொண்டு செய்திருக்கிறாள் என்று மனசு குதித்துக்கொண்டிருந்தது.

"தினம் கேக்கறேனே" என்றாள். "நீ பேசிக்கினே இருப்ப. அது வரும். 'அப்புறம் கூப்பிடறேன்'ம்ப. கட்டாயிடும். அதுக்கப்புறம் நான் மேடை ஏறுவேன், காதுல அதான் நிக்கும். வேற ஒண்ணும் வராது. சரி, அதையே வாசிப்போம்னு வாசிச்சேன்." பாட்டுக்கு அவள் வைத்திருக்கிற பெயரே 'அப்புறம் கூப்பிடறேன்' என்பதுதானாம். அங்கே அதை ஆங்கிலத்தில் அறிவிப்பாளாம்.

எனக்கு அந்த மெட்டு 'ஓடி வா' என்பது. அவளுக்கு அது 'போய்விட்டான்' என்பது. இத்தனை நாள் ஒரே மெட்டைத்தான் இருவரும் கேட்டுக்கொண்டிருந்தோம்.

மறுநாள் காலை, ஆற்றுத் துறைக்குப் பக்கத்தில் தள்ளுவண்டியில் கஞ்சி சாப்பிடக் கூட்டிப் போனாள். நம் ஊர்க் கஞ்சிதான், இஞ்சி கொஞ்சம் தூக்கல். அம்மா கொடுத்த ஊறுகாயைப் பையிலிருந்து எடுத்து வைத்துக்கொண்டோம். படகு ஒன்று போய், இன்னொன்று வந்தது. பதில் சொல்ல வேண்டிய கெடு நெருங்கிக்கொண்டிருந்தது. அவளும் பேச்சை எடுக்கவில்லை. நான்தான் ஆரம்பித்தேன்.

"அந்த கான்ட்ராக்ட் இன்னா பண்ணப் போற?"

அவள் கஞ்சியிலிருந்து தலையைத் தூக்காமல் சொன்னாள், "உன் இஷ்டம்."

எனக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. "என் இஷ்டம்னா இன்னா அர்த்தம்? போறதுன்னா போ, இருக்கறதுன்னா இரு, எனக்கு இன்னா வந்துதுன்னா? கேக்கறதுக்கு பதில் சொல்லாம இன்னாத்துக்கு இப்படி மூஞ்ச திருப்பற?"

"அதையேதான் நானும் அன்னிக்கு நினைச்சேன்" என்றாள்.

ஊறுகாய் பாட்டிலின் மூடியைத் திருகிக்கொண்டே உட்கார்ந்திருந்தேன். பெருந்தன்மை என்று நினைத்து நான் சொன்ன சொல், கைகழுவுகிற சொல்லாகப் போய் அவள் காதில் விழுந்திருக்கிறது. இரண்டுக்கும் ஒரே சொல்தானே நம்மிடம்.

"உன்ன தடுக்கக் கூடாதுன்னு சொன்னேம்மா" என்றேன்.

"தடுக்க யாரு சொன்னா? நான் கையெழுத்து போடத்தான் போறேன். எனக்கு இது வேணும். எவ்ளோ நாள் காத்துக்கினு இருந்தேன் தெரியுமா?" என்றாள். "ஆனா நீ ஒரு வாட்டி வூட்டுக்கு வான்னு கூப்பிடு."

"வரமாட்டேன்னு சொல்ற. அப்புறம் எதுக்குக் கூப்பிடறது?"

"கூப்பிடாத வூட்டுக்கு ரெண்டு வருஷம் கழிச்சி எந்த மூஞ்சிய வெச்சிக்கினு வர்றது?"

படகுக்காரர் விசில் ஊதினார். கஞ்சி விற்கிற அம்மாள் எங்களையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"வா" என்றேன்.

"டீ குடிக்கக் கூப்பிடற மாதிரி கீது."

"வூட்டுக்கு வா" என்றேன். அதற்கு மேல் நிறுத்த முடியவில்லை. "நீ இல்லாம எனக்கு நல்லால்ல. ஷிப்ட் முடிச்சி வந்து தனியா தட்டு போட்டுக்கினு திங்கறது வெறுத்துப் போச்சு. காலைல எழுந்ததும் ஊதி ஊதி உயிர எடுப்பியே, அது இல்லாம வூடு செத்துப் போய் கீது. உங்கிட்ட சண்ட போடணும். போன்ல போட முடியல, உடனே எவனாவது கயிற இழுத்துடறான். ஏர்போர்ட்ல உன்ன வுட்டுட்டு வர ஒவ்வொரு வாட்டியும் வண்டிய திருப்பிக்கினு வந்து உன்ன பிளைட்லேர்ந்து இறக்கிடலாமான்னு இருக்கும். வா. வந்துடு."

அவள் அழுதாள். கஞ்சிக் கிண்ணத்தைப் பிடித்துக்கொண்டு, மூக்கை உறிஞ்சிக்கொண்டு, வெட்கமே இல்லாமல் அழுதாள். அழுகைக்கு நடுவே தலையை ஆட்டினாள்.

"மாட்டேன்" என்றாள். இவ்வளவு சந்தோஷமாக ஒருவர் மாட்டேன் என்று சொல்லி நான் கேட்டதில்லை.

அன்றைக்கே கையெழுத்துப் போட்டாள். பக்கத்தில் நான் நின்றேன். நான் தனியாக ஊர் திரும்பியதைப் பார்த்து அம்மா வாசலிலேயே ஆரம்பித்தாள். "கூட்டிக்கினு வரலியா? கூப்ட்டியா இல்லியா?"

"கூப்ட்டேன். மாட்டேன்னுட்டா."

"கூப்ட்டியா? நீயா?" அம்மா நம்பவில்லை. என் போனைப் பிடுங்கி அவளுக்கே போட்டாள். "ஏம்மே, இவன் உன்ன கூப்ட்டானா?" என்று கேட்டுவிட்டு நெடுநேரம் காதில் வைத்துக்கொண்டிருந்தாள். அங்கே என்ன சொன்னாளோ, அம்மா புடவைத் தலைப்பால் கண்ணைத் துடைத்துக்கொண்டு போனை என்னிடம் நீட்டினாள். "மிளகா தூள் பத்துமான்னு கேளு" என்றாள்.

அதற்கப்புறம் ஒரு வழக்கம் வந்துவிட்டது. டீ பிரேக்கில் கூப்பிட்டதும் முதல் வேலையாக "வூட்டுக்கு வா" என்பேன். மெட்டு எப்போது குறுக்கே வரும் என்று தெரியாது, அதனால் முக்கியமானதை முதலில் சொல்லிவிடுவது. அவள் "மாட்டேன்" என்பாள். வாயில் ரீட் இருந்தால் அதற்கென்று ஒரு 'ம்ஹூம்' உண்டு. அப்புறம் குழம்பு, லீவு, சண்டை எல்லாம் பேசுவோம். பசங்களுக்கும் இது தெரிந்துபோய், "இன்னிக்கு இன்னா சார், மாட்டேன்னாங்களா?" என்று கேட்பார்கள். ஆமாம் என்பேன். அவர்களுக்கு அது வேடிக்கை. எனக்கு அந்த 'மாட்டேன்' கேட்டால்தான் மிச்ச ஷிப்ட் ஓடும்.

அவளுடைய இரண்டு வருடம் முடிய இன்னும் சில மாதங்கள் இருக்கின்றன. ஓட்டல்காரர்கள் மேலும் இருக்கச் சொல்லிக் கேட்டிருக்கிறார்கள் என்பது எனக்குத் தெரியும். அவளாகச் சொல்லட்டும் என்று நான் அந்தப் பேச்சை எடுக்கவில்லை. போன வாரம் டீ பிரேக்கில் வழக்கம்போலக் கூப்பிட்டேன். அவள் வாயில் ரீட் இல்லை.

"வூட்டுக்கு வா" என்றேன்.

மாட்டேன் என்பதற்காகக் காத்திருந்தேன். வரவில்லை. லைன் கட்டாகிவிட்டதா என்று போனைப் பார்த்தேன், கட்டாகவில்லை. அவள் மூச்சு விடுவது கேட்டது.

"இன்னொரு வாட்டி சொல்லுய்யா" என்றாள்.